கதிரையில் ஒரு நிமிடம்

லக்சிகாவோடு ஒரு படத்திலாவது வேலை செய்தவர்களைக் கேட்டுப் பாருங்கள், முதலில் அந்தச் சிவப்பு வெல்வெட் திரையைப் பற்றித்தான் சொல்வார்கள். மார்செய் மீன்சந்தையில் படம் எடுக்கப் போனாலும் சரி, வடக்கே மூடப்படப் போகிற ஏதோ ஒரு தொழிற்சாலைக்குப் போனாலும் சரி, கமெராப் பெட்டி, முக்காலி எல்லாம் ஏற்றியான பிறகு கடைசியாக ஒரு பழைய சூட்கேஸ் வண்டியில் ஏறும். உள்ளே ஐந்து மீட்டர் வெல்வெட், ஓரத்தில் தங்கக் குஞ்சம். ஆவணப்படம் எடுக்கிற இடத்தில் இது என்ன கண்டறியாத சோடனை என்று புதிதாக வந்தவர்கள் வாயைப் பொத்திச் சிரிப்பார்கள். மூன்றாம் நாள் பார்த்தால் அவர்களே அதைப் பக்குவமாக மடித்துப் பெட்டிக்குள் வைத்துக்கொண்டிருப்பார்கள்.

அந்தத் திரை அவளுடைய பெட்டிக்குள் ஏறிய கதையைச் சொல்வதற்கு முன்னால், அவள் எங்கே தொழில் பழகினாள் என்பதைச் சொல்லியாக வேண்டும்.

பிரெஞ்சுத் தலைநகரில் தமிழ்க் கடைகள் நிறைந்த லா சப்பலிலிருந்து ரூ பிலிப்-து-ஜிரார் தெரு வழியாக மேலே நடந்தால், ஒரு பலசரக்குக் கடைக்கும் ஒரு நகைக்கடைக்கும் நடுவில் மகேந்திரராசாவின் வீடியோக் கடை. கல்யாணம், பிள்ளை பெரியவளான சாமத்தியவீடு, பிறந்தநாள், எதுவென்றாலும் எடுப்பார்கள். சாமத்தியவீட்டுக்குப் பெண்பிள்ளை கமெரா பிடித்தால் நல்லது என்று தாய்மார் கேட்கத் தொடங்கியபோது, கடையின் பின்னறையில் எடிட்டிங் செய்துகொண்டிருந்த லக்சிகாவின் தோளில் மகேந்திரராசா கமெராவைத் தூக்கி வைத்தார். வைத்தவர் சொன்ன சட்டம் ஒன்றே ஒன்றுதான்.

"ஒருத்தரையும் விடக்கூடாது, பிள்ளை. ஆளுக்கு மூண்டு செக்கன். சாப்பாட்டு நேரம் மேசை மேசையாப் போ. உந்த வீடியோ ஊருக்குப் போகும், லண்டனுக்குப் போகும், கனடாவுக்குப் போகும். அங்கை இருந்துகொண்டு ஆர் வந்தது, ஆர் வரேல்லை எண்டு பாப்பினம். ஒரு முகம் விடுபட்டுதோ, பிறகு சண்டை என்ரை கடை வாசலிலைதான்."

லக்சிகா ஒருவரையும் விடவில்லை. வாய் நிறைய வடையோடு இருந்தவர், தூங்கி விழுந்தவர், கமெராவைக் கண்டு தூணுக்குப் பின்னால் ஒளித்தவர், எல்லாருக்கும் மூன்று செக்கன். "ஒருக்கா இஞ்சாலை பாருங்கோ, சிரியுங்கோ" என்பது அவளுக்கு மூச்சு விடுவதுபோல ஆகிவிட்டது.

ஆனால் அவளுடைய ஆசை வேறு. நகராட்சி நூலகத்திலிருந்து ஆவணப்படங்களை எடுத்துவந்து, ஒன்றையே நாலைந்து தரம் போட்டுப் பார்ப்பாள். கமெராவை எங்கே வைத்தார்கள், ஏன் அசைக்காமல் வைத்தார்கள் என்று கொப்பியில் எழுதி வைப்பாள். திரைப்படக் கல்லூரி ஒன்றுக்கு இரண்டு தரம் நுழைவுத் தேர்வு எழுதினாள். இரண்டாம் தரம் நேர்முகத்தில் ஒருவர் அவள் எடுத்த துண்டைப் பார்த்துவிட்டு, "நீங்கள் எல்லாரையும் ஒரே மாதிரி எடுக்கிறீர்கள். நாங்கள் யாரைப் பார்ப்பது?" என்று கேட்டார். ஸ்டாலின்கிராட் மெட்ரோ நிலையத்தில் இறங்கி, வீட்டுக்குப் போகிற வழி முழுக்க அழுதாள்.

பிறகு 2009 வந்தது, ஊரில் போரின் கடைசி மாதங்கள். அந்த வசந்தத்தில் கல்யாணங்கள் நின்றுபோயின. மண்டபங்கள் பூட்டிக் கிடந்தன, சனம் முழுக்கப் போரை நிறுத்தச் சொல்லித் தெருவில் நின்றது. மகேந்திரராசா கமெராவைக் கொடுத்து அங்கே போய் எடு என்றார். போனால், "முகத்தை எடுக்காதை பிள்ளை, அங்கை எங்கடை ஆக்கள் இருக்கினம்" என்று ஒவ்வொருவராகக் கெஞ்சினார்கள். முகம் எடுத்தே பழகியவள் முதன்முறையாக முகமில்லாமல் எடுத்தாள். நனைந்த சப்பாத்துகள், ஒன்றையொன்று தாங்கிய தோள்கள், கைபேசியைக் காதோடு அழுத்திப் பிடித்த விரல்கள். பக்கத்தில் நின்ற ஒரு பிரெஞ்சுப் பெண் நெடுநேரம் அவளுடைய கமெராவின் சின்னத் திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள். பெயர் மதலேன். ஆவணப்பட இயக்குநர். போகும்போது லக்சிகாவின் தொலைபேசி எண்ணை வாங்கிக்கொண்டு போனாள்.

வாங்கியவள் இரண்டு வருடம் கழித்து, 2011 ஐப்பசியில் தொலைபேசி எடுத்தாள். விடியற்காலையில் அலுவலகங்களைத் துப்பரவு செய்கிற பெண்களைப் பற்றி ஒரு படம். செவ்ரான் புறநகரிலிருந்து முதல் ரயிலில் வருகிற ஆறு தமிழ்ப் பெண்கள் சம்மதித்திருக்கிறார்கள். பத்து நாள் படப்பிடிப்பு. ஒளிப்பதிவு நீ செய்வாயா?

லக்சிகா தொலைபேசியை வைத்துவிட்டுக் கடைக்குள்ளேயே ஒரு துள்ளுத் துள்ளினாள். மகேந்திரராசா பயந்துபோய் என்ன பாம்போ என்று கேட்டார்.

அந்த ஆறு பேருக்கும் மூத்தவள் கோசலை. நாற்பத்தெட்டு வயது, இருபத்திரண்டு வருடமாக அதே வேலை. லா சப்பலில் நடக்கிற அரைவாசிக் கல்யாணத்தில் அவளை லக்சிகா எடுத்திருக்கிறாள். அவளுக்கு லக்சிகா தொலைபேசியில் சொன்னது இவ்வளவுதான்: "அக்கா, செவ்வாய்க்கிழமை வீடியோ எடுக்க வாறன். எல்லாருக்கும் சொல்லிவிடுங்கோ." எல்லா வீட்டுக்காரருக்கும் சொல்வது போலவே சொன்னாள். வினை அங்கேயே தொடங்கிவிட்டது.

செவ்வாய் காலை ஆறு மணிக்கு அந்தக் கண்ணாடிக் கட்டடத்தின் வாசலில் ஆறு பேரும் வந்து இறங்கினார்கள். குளிர் கோட்டுக்குக் கீழே காஞ்சிபுரம். கழுத்தில் பதக்கம் சங்கிலி, தலையில் பிளாஸ்டிக் மல்லிகைச்சரம். ஒருத்தி ஒட்டியாணமும் கட்டியிருந்தாள். மதலேன் வாயைத் திறந்தபடி நின்றாள்.

"இன்றைக்கு உங்களுக்குத் திருவிழாவா?" என்று லக்சிகாவைப் பிரெஞ்சில் கேட்டாள்.

லக்சிகா தலையில் கை வைத்தாள். இன்னும் கேவலம் என்னவென்றால், மேலே போய்க் கமெராவைத் தூக்கியதும் அவளுடைய வாயே அவளைக் காட்டிக்கொடுத்தது. "ஒருக்கா இஞ்சாலை பாருங்கோ" என்றாள். ஆறு பேரும் உயரப்படி வரிசையாக நின்று சிரித்தார்கள். கோசலை தூசி இழுக்கும் மெஷினின் குழாயை ஆரத்தித் தட்டுப்போல இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டு நின்றாள்.

"நாளைக்கு வழமையான உடுப்போடை வாங்கோ அக்கா, வேலை செய்யிற மாதிரி இருக்க வேணும்" என்று லக்சிகா அன்று ஆளாளுக்குச் சொல்லி அனுப்பினாள்.

புதன்கிழமை சாதாரண உடுப்போடுதான் நின்றார்கள். ஆனால் மாடி முழுக்கப் பளபளவென்று மின்னியது. குப்பைக்கூடைகள் காலி, மேசைகள் துடைத்தாயிற்று, கழிப்பறை வாசலில் வாசனை. வீடியோக்காரி வருகிறாள் என்று ஒரு மணி நேரம் முன்னரே வந்து எல்லா வேலையையும் முடித்துவைத்துவிட்டார்கள்.

"வீடியோ எடுக்க வர முன்னம் இடத்தைத் துப்பரவாக்கி வைக்கிறதுதானே முறை" என்றாள் கோசலை, பெருமையாக. "குப்பையை எடுத்து ஊருக்கே அனுப்பப் போறாய்?"

அன்று மத்தியானம் மதலேன் லக்சிகாவைக் காப்பிக் கடைக்குக் கூட்டிக்கொண்டு போனாள். அவள் கெட்டவள் இல்லை, கெட்டவளாக இருந்திருந்தால் கோபப்பட்டுவிட்டுப் போயிருக்கலாம். மெதுவாகத்தான் சொன்னாள்.

"பிழை உன்னுடையது இல்லை. ஆனால் அவர்களுக்கு உன்னைத் தெரியும், உனக்காக நடிக்கிறார்கள். வெள்ளிக்கிழமை வரை பார்ப்போம். சரிவராவிட்டால் திங்கட்கிழமை என்னோடு முன்பு வேலை செய்த வின்சன்ற் வந்து கமெராவை எடுப்பான். நீ கட்டாயம் இருக்க வேண்டும், மொழிபெயர்ப்பதற்கு."

மொழிபெயர்ப்பதற்கு. அந்தச் சொல் லக்சிகாவுக்குச் சுருக்கென்று தைத்தது. இரண்டு கல்லூரி வாசல், நாலு வருடச் சாமத்தியவீடு, கொப்பி கொப்பியாக எழுதிய குறிப்பு, எல்லாம் போய்க் கடைசியில் வேறொருவனின் கமெராவுக்குப் பக்கத்தில் நின்று வாய் பேசுகிற வேலை. காப்பியைக் குடிக்காமலே எழும்பினாள்.

நேரே லா சப்பலுக்கு வந்தாள். கோசலை புதன்கிழமைகளில் மரக்கறி வாங்க வருவது அவளுக்குத் தெரியும். கீரைக்கட்டும் பையுமாக நின்றவளைப் பிடித்துத் தேநீர்க் கடைக்குள் இருத்தினாள். சண்டை பிடிக்கிற எண்ணத்தோடுதான் தொடங்கினாள்.

"அக்கா, நான் என்ன கேட்டனான், நீங்கள் என்ன செய்யிறியள்? என்ரை வேலை போகப் போகுது."

கோசலை ரோல்ஸைப் பிய்த்துப் பாதியை அவளுடைய தட்டில் வைத்தாள்.

"கோவிக்காதை பிள்ளை. ஊரிலை என்ரை தங்கச்சி தில்லைநாயகிக்கு நான் ஒபிசிலை வேலை எண்டுதான் தெரியும். பொய் இல்லைத்தானே, ஒபிசிலைதான் வேலை. அவளின்ரை சம்பந்தி வீட்டுக்காரருக்கும் அப்பிடித்தான் தெரியும். நீ எடுக்கிற வீடியோ எல்லாம் அங்கை போகும். எனக்குப் பயம்தானே?"

"அப்ப சீலை?"

"அது வேறை கதை." கோசலை சிரித்தாள், ஆனால் கண் சிரிக்கவில்லை. "தொண்ணூறாம் ஆண்டு இஞ்சைதான் எனக்குக் கலியாணம், ஒரு சின்ன அறைக்குள்ளை. படம் எடுத்த ஆள் முப்பத்தாறு படம் எடுத்தான். கழுவக் குடுத்தால், பிலிம் சுத்தவே இல்லையாம். ஒரு படமும் இல்லை. அதுக்குப் பிறகு என்னை ஆர் எடுத்தது, சொல்லு பாப்பம்? ஆற்றையும் கலியாணத்திலை சாப்பாட்டு மேசையிலை நீ எடுக்கிற மூண்டு செக்கன். உன்ரை போன் வரேக்கை நான் நினைச்சன், இந்தமுறை எங்களைத்தான் எடுக்க வாறாள் எண்டு. அதுதான் உடுத்துக்கொண்டு வந்தனாங்கள்."

லக்சிகா சண்டையை மறந்துபோனாள். வெட்கமாக இருந்தது. இத்தனை வருடம் இந்த முகத்தை மூன்று மூன்று செக்கனாக எடுத்திருக்கிறாள், ஒரு தடவைகூடப் பார்க்கவில்லை.

வீட்டுக்கு நடந்து வரும்போது அவளுக்கு ஒரு விஷயம் பளிச்சென்று விளங்கியது. எந்தக் கல்யாணத்திலும் சனம் எப்போது கமெராவை மறக்கிறது? மேடை ஏறி, மாப்பிள்ளை பொம்பிளையோடு நின்று, முறையாக ஒரு படம் எடுத்து இறங்கிய பிறகு. அதுவரைக்கும் சாப்பிடக்கூட மாட்டார்கள், உதட்டுச்சாயம் அழிந்துவிடும் என்று. இறங்கியபின் அவர்களுடைய மூக்குக்கு முன்னால் கமெராவை நீட்டினாலும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள். நம்மை எடுத்தாயிற்று என்ற நிம்மதி. இந்த ஆறு பேரையும் யாரும் இன்னும் மேடையில் ஏற்றவில்லை.

வியாழக்கிழமை அவள் கமெராவைத் தொடவில்லை. ஒன்பதரைக்கு வேலை முடிந்ததும் ஆறு பேரையும் மகேந்திரராசாவின் கடைக்குக் கூட்டிக்கொண்டு வந்தாள். முதல்நாள் இரவே அவள் சொல்லிவைத்தபடி செவ்வாய்க்கிழமைச் சீலைகளை அவர்கள் பைகளில் கொண்டுவந்திருந்தார்கள். கடையின் பின்னறையில் சாமத்தியவீட்டுப் பிள்ளைகளை இருத்துகிற சிம்மாசனக் கதிரையும், பின்னால் சிவப்பு வெல்வெட் திரையும் நிரந்தரமாக இருந்தன.

"உது பிள்ளையளுக்கு வைச்ச கதிரை" என்று மகேந்திரராசா முணுமுணுத்தார். முணுமுணுத்துக்கொண்டே தூசியும் தட்டிவிட்டார்.

மதலேன் பின்னாலேயே வந்து நின்றாள். தங்கக் கதிரையையும் குஞ்சத்தையும் பார்த்து அவளுடைய முகம் சுருங்கியது.

"லக்சிகா, வெள்ளிக்கிழமைக்கு ஒரு நாள்தான் மிச்சம். இது நம்முடைய படம் இல்லை."

"தெரியும்" என்றாள் லக்சிகா. "இது உனக்கு இல்லை. இது அவர்களுக்கு. இன்றைக்கு இதை மட்டும் எடுக்க விடு. நாளைக்குச் சரிவராவிட்டால் நானே வின்சன்றுக்குக் கமெராவைக் கொடுக்கிறேன்."

இப்படித் துணிந்து பேசுவாள் என்று அவளே எதிர்பார்க்கவில்லை. மதலேன் ஒரு ஸ்டூலை இழுத்துப் போட்டுக்கொண்டு மூலையில் உட்கார்ந்தாள்.

கோசலை முதலில் ஏறினாள். மயில்கழுத்து நிறச் சீலை. கதிரையின் கைப்பிடிகளில் கைகளை வைத்து நிமிர்ந்து இருந்தாள். லக்சிகாவுக்கு வாய்வரை வந்தது, இஞ்சாலை பாருங்கோ என்று. அடக்கிக்கொண்டாள். கமெராவை முக்காலியில் பூட்டி, ஆளுக்கு ஒரு நிமிடம் என்று ஓடவிட்டு, கையை எடுத்துவிட்டாள்.

பத்து செக்கன் கோசலை சிரித்தாள். பிறகு சிரிப்புக் களைத்துப்போய் இறங்கியது. இருபது செக்கன், முப்பது செக்கன். கோசலை கமெராவை நேராகப் பார்த்தாள், எதிரே ஒரு ஆள் இருப்பதுபோல.

"நான் கோசலை" என்றாள், யாரும் கேட்காமலே. "செவ்ரானிலை இருக்கிறன். இருபத்திரண்டு வருசமா ஒபிஸ் துப்பரவாக்கிறன். ஏழு மாடி. ஒரு நாளும் பிந்திப் போனதில்லை."

அவ்வளவுதான். சீலைத் தலைப்பைச் சரி செய்துகொண்டு இறங்கினாள். இறங்கியவள் அடுத்தவளைப் பிடித்துத் தள்ளினாள். ஆறு பேரும் ஏறினார்கள். ஒருத்தி முழு நிமிடமும் அழுதாள். ஒட்டியாணக்காரி பாட்டுப் பாடினாள், சுருதி பக்கத்தில் கூட இல்லை, யாரும் சிரிக்கவில்லை. மதலேனுக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை, ஆனாலும் அவள் நடுவில் மூக்கைத் துடைத்துக்கொண்டதை லக்சிகா கண்டாள்.

வெள்ளிக்கிழமை காலை ஏழாம் மாடி.

ஆறு பேரும் நீல மேலங்கி, பழைய சப்பாத்து. கூடைகள் நிரம்பி வழிந்தன, மேசைகளில் காப்பிக் கறை. யாரும் முன்னரே வரவில்லை. லக்சிகா கமெராவோடு கதவருகே நின்றபோது ஒருத்திகூடத் திரும்பிப் பார்க்கவில்லை. தங்களுக்குள் கதைத்தார்கள், மகனுடைய பள்ளிக்கூடம், முழங்கால் நோ, உருளைக்கிழங்கு விலை. கோசலை மெஷினை இழுத்துக்கொண்டு வந்தாள், வந்த வேகத்தில் லக்சிகாவின் காலில் இடித்தாள்.

"வழியிலை நிக்காதை பிள்ளை, அங்காலை போ! வெளிச்சத்தை மறைக்கிறாய்."

லக்சிகாவை அவ்வளவு சந்தோஷப்படுத்திய ஏச்சு அதற்கு முன்னும் இல்லை, பின்னும் இல்லை. அங்காலை போனாள். சுவரோடு ஒட்டி நின்று எடுத்தாள், குனிந்து எடுத்தாள், மேசைக்குக் கீழே படுத்தும் எடுத்தாள். எல்லாரையும் ஒரே மாதிரி எடுக்கவில்லை. கோசலை ஜன்னலோரம் நின்று கையுறையைக் கழற்றும்போது, காரணம் தெரியாமலே கிட்டப் போய் அந்தக் கைகளிலேயே கமெராவை நிறுத்தினாள். மதலேன் பக்கத்து அறையில் சின்னத் திரையில் பார்த்துக்கொண்டிருந்தாள். வேலை முடிந்து கீழே இறங்கும்போது கைபேசியை எடுத்து, "வின்சன்ற், மன்னித்துக்கொள், திங்கட்கிழமை நீ வரத் தேவையில்லை" என்றாள்.

படம் 2013 இல் வெளிவந்தது. ஸ்டாலின்கிராட் பக்கம், கால்வாய்க் கரையில் உள்ள ஒரு திரையரங்கில் முதல் காட்சி. ஆறு பேரும் பட்டுச்சீலையில் வந்தார்கள், வேறு எதில் வருவார்கள்? இது நம்முடைய படம் இல்லை என்று சொன்ன அதே மதலேன், படத்தையே கோசலையின் அந்த ஒரு நிமிடத்தோடுதான் தொடங்கியிருந்தாள். கடைசியில் பெயர்கள் ஓடியபோது ஒளிப்பதிவு என்பதற்குக் கீழே லக்சிகாவின் பெயர் தனியாக நின்றது. மகேந்திரராசா எழும்பி நின்று கை தட்டினார், பின்வரிசைக்காரர் இருக்கச் சொல்லியும் இருக்கவில்லை. மறுநாள் கடையில் புதுத் திரை வாங்கப் போவதாகச் சொல்லிப் பழைய வெல்வெட்டைக் கழற்றி அவளிடம் கொடுத்தார். "பழசுதானே, கொண்டு போ" என்றார். அது பழசு இல்லை என்று இரண்டு பேருக்கும் தெரியும்.

கோசலை அன்று அரங்க வாசலில் லக்சிகாவை ஒரு பக்கம் இழுத்தாள்.

"தங்கச்சிக்கு அனுப்ப ஒரு டிவிடி வேணும்."

"உங்கடை கதிரை வீடியோவைத் தனியா வெட்டித் தாறன் அக்கா. அதிலை துப்பரவு வேலை எண்டு நீங்கள் சொன்னதையும் வேணுமெண்டால் எடுத்துவிடலாம்."

கோசலை யோசித்தாள்.

"வேண்டாம். முழுப் படத்தையும் தா."

பிறகு ஒன்றரை மாதம் ஒரு தகவலும் இல்லை. ஒரு மனுசி இருபத்துநாலு வருடம் காத்த மானத்தைத் தன்னுடைய கமெரா கெடுத்துவிட்டதோ என்று லக்சிகா கோசலையைத் தொலைபேசியில் கூப்பிடவே பயந்தாள். கடைசியில் கோசலைதான் ஒரு புதன்கிழமை கூப்பிட்டாள். அதே தேநீர்க் கடை, அதே மேசை. லக்சிகா அடுத்த நாள் மார்செய்க்குப் போக இருந்தாள், மீன்சந்தைப் படம், அவளுடைய இரண்டாவது படம்.

"தங்கச்சி போன் எடுத்தவள்" என்றாள் கோசலை.

"என்ன சொன்னவா?"

"இரண்டு தரம் பாத்தவளாம். சம்பந்தி வீட்டுக்காரரையும் கூப்பிட்டு இருத்திக் காட்டினவளாம்." கோசலை தேநீரைக் கலக்கிக்கொண்டே இருந்தாள். "துப்பரவு வேலையைப் பற்றி ஒண்டும் கேக்கேல்லை. 'அக்கா, நீ கையுறையைக் கழட்டேக்கை பாத்தன், உன்ரை பெருவிரல் ஏன் இப்பிடி வெடிச்சுக் கிடக்கு? ஒண்டும் பூசிறேல்லையோ?' எண்டு கேட்டிட்டு அழத் தொடங்கியிட்டாள். இத்தனை வருசமா போனிலை சுகமோ எண்டு கேப்பாள், நானும் ஓம் சுகம் எண்டுவன். இப்பதான் பிள்ளை அவள் என்னைப் பாத்திருக்கிறாள்."

சொல்லிவிட்டுப் பையிலிருந்து தினத்தாளில் சுற்றிய ஒரு சின்னப் போத்தலை எடுத்து மேசையில் வைத்தாள். ஊரிலிருந்து யாரோ வந்தவர்களிடம் தங்கை கொடுத்துவிட்டது, வேப்பெண்ணெய். மூடியைத் திறந்ததும் அந்தக் கசப்பு மணம் கடை முழுக்கப் பரவியது, பக்கத்து மேசைக்காரர் முகத்தைச் சுளித்துக்கொண்டு திரும்பினார். கோசலை அவரைப் பொருட்படுத்தவில்லை. பெருவிரலில் இரண்டு சொட்டு விட்டு மெல்லத் தேய்க்கத் தொடங்கினாள்.

கைகள் வந்த அந்த ஷாட் லக்சிகாவுக்கு நன்றாக நினைவிருந்தது. எடிட்டிங்கில் அதை வெட்டி வெட்டிக் கடைசியில் மூன்று செக்கன்தான் விட்டுவைத்தார்கள், அதற்காக அவள் மதலேனோடு சண்டைகூடப் பிடித்தாள். அழுகை வந்தது, அவள் அதை மறைக்கவில்லை. போத்தலை எட்டி எடுத்துத் தன்னுடைய உள்ளங்கையில் கொஞ்சம் ஊற்றி, "மற்றக் கையைத் தாங்கோ அக்கா" என்றாள்.